கலர் ஃபிலிம் கழுவுதல்: ரசாயனமும் சூடும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய கேமராவைத் தூசி தட்டி எடுத்து ஃபிலிம் போட்டுப் படம் எடுப்பவர்கள் இப்போது கூடியிருக்கிறார்கள். ரோல் எப்படியாவது கிடைத்துவிடுகிறது. அதைக் கழுவித் தரும் கலர் லேப்தான் பல ஊர்களில் இல்லை. கூரியரில் அனுப்பி வாரக்கணக்கில் காத்திருப்பதைவிட வீட்டிலேயே கழுவ முடியுமா என்பதுதான் என்னிடம் அதிகம் வரும் கேள்வி. முடியும். அதுவும் நம் ஊர் வெப்பநிலைக்குக் கருப்பு வெள்ளையைவிடக் கலர்தான் தோதானது. ஏன் என்பதையும், கூடவே வரும் மற்றக் கேள்விகளுக்கான பதில்களையும் கீழே எழுதியிருக்கிறேன்.

படம் எடுக்கும்போதே ஃபிலிமில் நிறம் பதிந்துவிடுகிறதா?

இல்லை. கேமராவிலிருந்து வெளியே வரும் ரோலில் உங்கள் படத்துக்கான சாயம் ஒரு துளிகூட இருக்காது. ஒளி பட்ட இடங்களில் வெள்ளி ஹாலைடு படிகங்கள் கண்ணுக்குத் தெரியாத ஒரு மாற்றத்தை அடைந்திருக்கும், அவ்வளவுதான். நிறம் முழுக்க முழுக்கக் கழுவும்போது உருவாவது.

ஃபிலிமின் மேல்புறம் நீல ஒளியைப் பதியும் அடுக்கு, நடுவில் பச்சை, அடியில் சிவப்பு. ஒவ்வொரு அடுக்கிலும் வெள்ளி ஹாலைடோடு ‘கப்ளர்’ எனும் நிறமற்ற வேதிப்பொருள் கலந்திருக்கும். டெவலப்பர் ஒளி பட்ட படிகத்தை வெள்ளியாக மாற்றும். மாற்றும்போது தானும் ஆக்சிஜனேற்றம் அடையும். அப்படி மாறிய டெவலப்பர் பக்கத்திலிருக்கும் கப்ளரோடு சேர்ந்தால் சாயம் பிறக்கும். நீல அடுக்கில் மஞ்சள், பச்சை அடுக்கில் மெஜந்தா, சிவப்பு அடுக்கில் சயான். எங்கே வெள்ளி உருவானதோ அங்கேதான் சாயமும் உருவாகும். பிறகு அந்த வெள்ளியை மொத்தமாக நீக்கிவிடுகிறோம். சாயம் மட்டும் மிஞ்சுகிறது.

ஜெர்மானிய வேதியியலாளர் ருடால்ஃப் ஃபிஷர் 1910களின் தொடக்கத்திலேயே இதைக் கண்டுபிடித்துக் காப்புரிமை வாங்கிவிட்டார். ஆனால் கப்ளர்கள் ஒரு அடுக்கிலிருந்து இன்னொன்றுக்கு நழுவிப்போனதால் நிறங்கள் கலந்துபோயின. 1935இல் வந்த கோடக்கின் கோடக்குரோம் இந்தச் சிக்கலைச் சுற்றிக்கொண்டு போனது: கப்ளரை ஃபிலிமில் வைக்காமல் டெவலப்பரில் வைத்தார்கள். அதை உருவாக்கிய லியோபோல்ட் மேன்ஸ், லியோபோல்ட் கோடோவ்ஸ்கி இருவருமே இசைக் கலைஞர்கள். அடுத்த ஆண்டு அக்ஃபா, கப்ளர் மூலக்கூறில் நீளமான சங்கிலியைக் கோர்த்து அதை அந்தந்த அடுக்கிலேயே நிறுத்திவைத்தது. கோடக் பின்னர் கப்ளரை நுண்ணிய எண்ணெய்த் துளிகளில் அடைத்தது. இன்று நாம் கழுவும் கலர் நெகட்டிவ்கள் எல்லாம் கப்ளர் ஃபிலிமிலேயே இருக்கும் இந்த வழியில் வந்தவை.

சி-41, இ-6, ஈசிஎன்-2: என் ரோலுக்கு எது?

இவை கழுவும் முறைகளின் பெயர்கள். எது என்று ரோலின் மேலேயே எழுதியிருக்கும். கடையில் கிடைக்கும் சாதாரணக் கலர் நெகட்டிவ் எல்லாம் சி-41. கோடக் 1972இல் கொண்டுவந்தது; இன்று எல்லா நிறுவனங்களும் அதற்கு ஒத்துப்போகும்படிதான் ஃபிலிம் செய்கின்றன. ஸ்லைடு ஃபிலிமுக்கு இ-6. முதலில் ஒரு கருப்பு வெள்ளை டெவலப்பர், பிறகு மிச்சமிருக்கும் வெள்ளி ஹாலைடை ரசாயனத்தாலேயே தயார்படுத்தும் ரிவர்சல் குளியல், அதன்பின் கலர் டெவலப்பர் என்று அது நீளும். சினிமா நெகட்டிவுக்கு ஈசிஎன்-2. முதன்முதலாக இறங்குபவர்கள் சி-41இல் தொடங்குங்கள். இ-6 அழகானது, ஆனால் அதில் பிழைக்கு இடம் குறைவு.

ஏன் துல்லியமாக 38 டிகிரி என்கிறார்கள்? கொஞ்சம் முன்பின்னாக இருந்தால் என்ன?

இந்தப் பக்கத்திலேயே முக்கியமான கேள்வி இதுதான் என்பேன்.

சி-41இன் அதிகாரபூர்வ வெப்பநிலை 37.8 டிகிரி செல்சியஸ், நேரம் 3 நிமிடம் 15 விநாடி. கோடக் தன் லேப்களுக்குச் சொன்ன வரம்பு 0.15 டிகிரி மேலோ கீழோ. டெவலப்பருக்கு மட்டும்தான் இத்தனை கண்டிப்பு.

காரணம் அந்த மூன்று அடுக்குகள். டெவலப்பர் மேலிருந்து ஊறி உள்ளே இறங்குகிறது. மேலிருக்கும் நீல அடுக்குக்கு முதலில் கிடைக்கும், அடியிலிருக்கும் சிவப்பு அடுக்குக்குக் கடைசியில். அதோடு ஒவ்வொரு அடுக்கும் சூட்டுக்கு ஏற்ப வேகம் மாறும் விதமும் ஒன்றல்ல. 37.8 டிகிரியில் 3 நிமிடம் 15 விநாடி முடியும்போது மூன்றும் சரியான அடர்த்தியில் வந்து நிற்கும்படி ஃபிலிமையே அமைத்திருக்கிறார்கள். சூடு மாறினால் மூன்றும் ஒன்றாகக் கூடிக் குறையாமல் தனித்தனியாக மாறும். அப்போது படத்தின் நிழல்பகுதி ஒரு நிறத்துக்கும் வெளிச்சப்பகுதி அதற்கு எதிர் நிறத்துக்கும் சாயும். இதைக் ‘கிராஸ்ஓவர்’ என்பார்கள். பிரின்ட் போடும்போது ஃபில்டர் மாற்றி நிழலைச் சரிசெய்தால் வெளிச்சம் கெடும், வெளிச்சத்தைச் சரிசெய்தால் நிழல் கெடும். ஸ்கேன் செய்து கணினியில் ஓரளவு மீட்கலாம்.

ஆகவே நடைமுறை விதி இது: ஸ்கேன் மட்டும் செய்யப்போகிறீர்கள் என்றால் அரை டிகிரி வித்தியாசத்துக்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம். இரண்டு டிகிரி போனால் கண்ணுக்குத் தெரியும். டெவலப்பருக்குப் பின் வெள்ளியை நீக்க ஊற்றும் பிளீச், ஃபிக்ஸர் இரண்டும் வேலை முடிந்ததும் தானாக நின்றுவிடும் வகை. அவற்றுக்குச் சூடு கொஞ்சம் குறைந்தாலும் நேரத்தைக் கூட்டிக்கொள்ளலாம். கவனம் முழுவதையும் அந்த முதல் மூன்றே கால் நிமிடத்தில் வையுங்கள்.

30 டிகிரியில் 8 நிமிடம் கழுவலாம் என்று கிட் தாளில் போட்டிருக்கிறதே?

வீட்டில் கழுவத் தேவையான ரசாயனங்களைச் சேர்த்து விற்கும் சில கிட்கள் அப்படி ஓர் அட்டவணை தருகின்றன. நெகட்டிவ் வரும், படம் தெரியும். ஆனால் மேலே சொன்ன கிராஸ்ஓவர் அதில் உள்ளடங்கியதே. சூடாக்க வழியே இல்லாத இடத்துக்கு அது சரி. வழி இருந்தால் 38க்கே போங்கள்.

சென்னை வெயிலில் இதெல்லாம் சாத்தியமா?

ஐரோப்பியக் கையேடுகளைப் படித்தவர்கள் பயப்படுவது இதனால்தான். உண்மையில் நிலைமை நேர் எதிர். கருப்பு வெள்ளைக்கு வழக்கமான வெப்பநிலை 20 டிகிரி. மே மாதம் மாடித் தொட்டியிலிருந்து வரும் தண்ணீரை 20க்கு இறக்க ஐஸ்கட்டிதான் வேண்டும். கலருக்கு வேண்டிய 38, அதே குழாய்த் தண்ணீருக்குச் சில டிகிரிதான் மேலே. குளிர்நாட்டுக்காரர், ஃபிலிம் கழுவும் ஒளி புகாத டப்பாவான டேங்கில் ஊற்றிய டெவலப்பர் மூன்று நிமிடத்தில் ஆறிப்போகிறதே என்று தவிப்பார். 32 டிகிரி அறையில் நமக்கு அந்தக் கவலை மிகக் குறைவு.

ஒரு தெர்மோகோல் பெட்டியில் 40 டிகிரிச் சுடுதண்ணீர் ஊற்றி, டெவலப்பர் பாட்டில், பிளீச் பாட்டில், காலி டேங்க் எல்லாவற்றையும் அதில் நிறுத்துங்கள். பாட்டிலுக்குள் தெர்மாமீட்டரை வைத்துப் பாருங்கள். வெளித் தண்ணீரின் சூடு கணக்கில்லை. உள்ளே இருக்கும் டெவலப்பரின் சூடுதான் கணக்கு. தண்ணீரை ஒரே சூட்டில் வைத்திருக்கும், சமையலுக்கு விற்கும் சூ-வீட் கருவி இருந்தால் இன்னும் நிம்மதி. மீன்தொட்டி ஹீட்டர் வாங்காதீர்கள். பெரும்பாலானவை 34 டிகிரியோடு நின்றுவிடும்.

நம் ஊரில் தொல்லை தருவது சூடு அல்ல, ஈரம். கறுப்புத் துணிப்பைக்குள் கையை விட்டு ஃபிலிமை ரீலில் ஏற்றும்போது ஐந்து நிமிடத்தில் கை வியர்த்துவிடும். வியர்வை பட்ட பிளாஸ்டிக் ரீலில் ஃபிலிம் பாதி ஏறியதும் ஒட்டிக்கொண்டு நகராது. ரீலை முதல்நாளே கழுவி நன்றாகக் காயவையுங்கள். ஏற்றும் அறையில் மின்விசிறியாவது ஓடட்டும். சிக்கிக்கொண்டால் பலவந்தப்படுத்தாமல், ஃபிலிமையும் ரீலையும் டேங்குக்குள் போட்டு மூடிவிட்டுக் கையை வெளியே எடுத்துத் துடைத்துக்கொண்டு மறுபடி தொடங்குங்கள்.

படிப்படியாக என்ன நடக்கிறது?

ரோலை இருட்டில் டேங்கில் ஏற்றி மூடியபின் மற்ற வேலையெல்லாம் வெளிச்சத்தில்தான். முதலில் 39 டிகிரித் தண்ணீர் ஊற்றி ஒரு நிமிடம் வைத்துக் கொட்டுங்கள். டேங்கும் ரீலும் சூடேறிக்கொள்ளும். பிறகு டெவலப்பர், 3 நிமிடம் 15 விநாடி. முதல் அரை நிமிடம் தொடர்ந்து மெதுவாகக் கவிழ்த்து நிமிர்த்த வேண்டும், அப்புறம் அரை நிமிடத்துக்கு ஒருமுறை நான்கு தடவை. கொட்டும் நேரமும் அந்த 3:15க்குள் அடங்கும் என்பதால் 3:05க்கே கொட்டத் தொடங்கிவிடுங்கள்.

அடுத்தது பிளீச். இது உருவான வெள்ளியை மறுபடி வெள்ளி உப்பாக மாற்றுகிறது. அந்த உப்பை ஃபிக்ஸரில் இருக்கும் அமோனியம் தயோசல்பேட் கரைத்து எடுத்துவிடுகிறது. மூல முறையில் பிளீச்சுக்கு 6½ நிமிடம், ஃபிக்ஸருக்கு 6½ நிமிடம், ஒவ்வொன்றுக்கும் பின் 3¼ நிமிடம் தண்ணீர். கடைசியில், சாயத்தை நிலைநிறுத்தும் ஸ்டெபிலைசர்.

ரீலைப் பிரித்துப் பார்க்கும் அந்த நிமிடத்தில் பலர் மனம் தளர்ந்துவிடுவார்கள். ஈரமாக இருக்கும்போது எமல்ஷன் (ஃபிலிம் மேலுள்ள அந்த அடுக்குகளின் பூச்சு) பால்போட்டதுபோல் மங்கலாக, லேசான ஊதாச் சாயலோடு தெரியும். கெட்டுப்போகவில்லை. காயக் காயத் தெளிந்து ஆரஞ்சு நிறத்துக்கு வந்துவிடும். அந்த ஆரஞ்சும் வேண்டுமென்றே வைத்ததுதான். மெஜந்தா, சயான் சாயங்கள் சுத்தமானவையல்ல, தேவையில்லாத நிறத்தையும் கொஞ்சம் விழுங்கும். அந்தக் குறையை ஈடுகட்ட, நிறமற்ற கப்ளரோடு நிறமுள்ள கப்ளரையும் கொஞ்சம் சேர்த்திருக்கிறார்கள்.

காயவைக்க ஹேர் டிரையர் வேண்டாம். தூசியைக் கிளப்பி ஈர எமல்ஷனில் ஒட்டவைக்கும். குளியலறையில் சிறிது நேரம் ஷவரை ஓடவிட்டு நிறுத்தி, தூசி அடங்கியபின் கிளிப் மாட்டித் தொங்கவிடுவதுதான் நல்லது.

‘பிளிக்ஸ்’ என்று ஒரே பாட்டிலில் வருகிறதே, அது போதுமா?

பிளீச்சையும் ஃபிக்ஸரையும் கலந்த திரவம் அது. வேலை எளிது, வீட்டுக் கிட் பலவற்றில் அதுதான். என் விருப்பம் இரண்டையும் தனித்தனியாக வைப்பது. கலந்த திரவத்தில் பிளீச் ஃபிக்ஸரை மெல்ல அழித்துக்கொண்டே இருக்கும்; பழசாகும்போது வெள்ளி முழுதாகப் போகாமல் படத்தில் சாம்பல் படியும். அப்படி நடந்தால் பதற வேண்டாம். புது பிளிக்ஸில் மறுபடி போட்டால் சரியாகிவிடும், நெகட்டிவுக்குச் சேதமில்லை.

இன்னொன்று: டேங்கில் ஒட்டியிருக்கும் டெவலப்பரிலுள்ள கார்பனேட்டும் பிளிக்ஸின் அமிலத்தன்மையும் சேர்ந்து வாயு உண்டாகும். மூடியை அவ்வப்போது லேசாகத் திறந்து விடுங்கள், இல்லாவிட்டால் அது தானே தெறிக்கும்.

கலந்த டெவலப்பர் எத்தனை நாள் தாங்கும்?

கருப்பு வெள்ளை டெவலப்பரைவிடக் குறைவு. காரணம் சுவாரசியமானது. டெவலப்பரைக் காற்றிலிருந்து காப்பாற்றுவது சல்பைட். ஆனால் ஆக்சிஜனேற்றமடைந்த டெவலப்பரைச் சல்பைட் பிடித்துக்கொண்டால் கப்ளருக்குக் கிடைக்காது, சாயம் பிறக்காது. அதனால் கலர் டெவலப்பரில் சல்பைட்டை அளவாகத்தான் போட முடியும். காற்றுக்கு அது சீக்கிரம் இரையாகிறது.

பாட்டிலை வழிய நிரப்பி, காற்றில்லாமல் மூடி, இருட்டில் வையுங்கள். புதிதாக இருக்கும்போது வெளிர் மஞ்சளாகவோ இளஞ்சிவப்பாகவோ இருக்கும். ஃபில்டர் காபி டிகாக்‌ஷன் நிறத்துக்கு வந்துவிட்டால் கொட்டிவிடலாம். சந்தேகம் வந்தால் ஃபிலிமின் முன்முனையில் ஒரு துண்டை வெட்டி வெளிச்சத்திலேயே டெவலப்பரில் போட்டுப் பாருங்கள். மூன்று நிமிடத்தில் கருகருவென்று மாற வேண்டும். சாம்பலாக நின்றால் அந்த டெவலப்பரை நம்பி ஊர்த் திருவிழா ரோலைப் போடாதீர்கள்.

காபித்தூளால் கழுவலாம் என்கிறார்களே?

கேஃபெனால் என்ற அந்த முறை உண்மைதான். இன்ஸ்டன்ட் காபி, சலவைச் சோடா, வைட்டமின் சி. 1995இல் அமெரிக்காவில் ராச்செஸ்டர் தொழில்நுட்பக் கல்லூரியின் ஒரு வகுப்பில் உருவானது. ஆனால் அது கருப்பு வெள்ளைப் படத்தைத்தான் தரும். கப்ளரோடு சேர்ந்து சாயம் உண்டாக்க சிடி-4 போன்ற பாரா-பினைலீன்டைஅமீன் வகை டெவலப்பர்தான் வேண்டும். காபியில் அது கிடையாது.

ரசாயனமே இல்லாமல் சூட்டால் மட்டும் கழுவ முடியுமா? அயர்ன் பாக்ஸ் வைத்தால்?

உங்கள் சி-41 ரோலை அயர்ன் பாக்ஸில் தேய்த்தால் ஃபிலிம்தான் பாழாகும். அதில் டெவலப்பரே கிடையாதே! ஆனால் சூட்டாலேயே படம் வெளிவரும் ஃபிலிம்கள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றை நீங்களே கையில் வாங்கியிருக்கலாம்.

மருத்துவ ஸ்கேன் சென்டரில் தரும் பெரிய கறுப்பு ஃபிலிம்களில் ஒரு வகை இப்படிப்பட்டது. 3எம் நிறுவனம் 1960களில் கொண்டுவந்த ‘டிரை சில்வர்’ வழியில் வந்தது. அதில் சிறிதளவு வெள்ளி ஹாலைடும், நிறைய வெள்ளி பிஹினேட் எனும் கொழுப்பமில உப்பும், டெவலப்பரும் ஒரே அடுக்கில் சேர்ந்தே இருக்கும். அறை வெப்பத்தில் எதுவும் நடக்காது. லேசர் பட்டபின் 120 டிகிரி அளவில் சில விநாடி சூடாக்கினால், ஒளி பட்ட படிகத்தைச் சுற்றியுள்ள பிஹினேட் வெள்ளியாக மாறிக் கறுக்கும். தண்ணீர் இல்லை, தொட்டி இல்லை. குறை என்னவென்றால் ரசாயனம் முழுதும் ஃபிலிமிலேயே தங்கிவிடுகிறது. அந்த ஃபிலிமை வெயிலில் நிற்கும் காருக்குள் விட்டுவிட்டு வந்தால் மெல்ல மெல்ல மேலும் கறுக்கலாம்.

கலரில் இதைச் செய்துகாட்டியது ஃபியூஜி. 1980களின் பிற்பகுதியில் வந்த அதன் பிக்ட்ரோகிராஃபி பிரின்டரில், ஒளி பட்ட தாளைக் கொஞ்சம் தண்ணீரால் ஈரமாக்கி, இன்னொரு தாளோடு ஒட்டிச் சூடாக்குவார்கள். சாயம் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு இறங்கும். பிரித்தால் கையில் கலர் பிரின்ட். தொட்டி ரசாயனம் எதுவும் கிடையாது.

அப்படியானால் கேமராவுக்கு அந்த மாதிரிக் கலர் ஃபிலிம் ஏன் வரவில்லை?

முயன்றார்கள். டெவலப்பர் மூலக்கூறுக்கு ஒரு பூட்டுப் போட்டு ஃபிலிமுக்குள்ளேயே வைப்பது, சூடாக்கும்போது பூட்டு கழன்று டெவலப்பர் வேலையைத் தொடங்குவது என்று கோடக் பல காப்புரிமைகள் வாங்கியது. இரண்டு பெரிய தடைகள். கேமரா ஃபிலிம் கடையிலும் காரிலும் மாதக்கணக்கில் கிடக்க வேண்டும். அதுவரை பூட்டு கழலக் கூடாது. இரண்டாவது, வெள்ளியும் மிச்ச ஹாலைடும் ஃபிலிமிலேயே இருப்பதால் மங்கலாக இருக்கும். ஸ்கேனரால் மட்டுமே படிக்க முடியும், பிரின்ட் போடும் என்லார்ஜரில் வைக்க முடியாது.

அமெரிக்காவில் ஆஸ்டினில் இருந்த அப்ளைடு சயின்ஸ் ஃபிக்‌ஷன் என்ற நிறுவனம் வேறு வழியில் போனது. ஃபிலிமின் மேல் டெவலப்பரை மெல்லிய பூச்சாகத் தடவி, வழக்கமான தொட்டிகள் எதுவும் இல்லாமல், அப்படியே ஸ்கேன் செய்தார்கள். 2003இல் அதன் தொழில்நுட்பத்தைக் கோடக் வாங்கியது. அதற்குள் டிஜிட்டல் கேமரா வீட்டுக்கு வீடு வந்துவிட்டது. இன்னும் பத்து ஆண்டு முன்னால் வந்திருந்தால் ஊருக்கு ஊர் இந்த இயந்திரம் இருந்திருக்கும் என்று நான் நம்புகிறேன். ஆனால் நெகட்டிவைக் கையில் வைத்துக்கொள்ளும் சுகம் போயிருக்கும். அந்த வகையில் ஈரமுறையே நிலைத்ததில் எனக்குச் சந்தோஷம்.

சினிமா ஃபிலிமைச் சுருட்டி விற்கிறார்கள். அதை சி-41இல் போடலாமா?

சென்னையின் ஜெமினி, பிரசாத் லேப்களில் பல்லாண்டுகள் ஓடியது ஈசிஎன்-2 முறை. அதன் டெவலப்பர் 41.1 டிகிரி, 3 நிமிடம். டெவலப்பர் ரசாயனமும் வேறு, சிடி-3. சி-41இல் போட்டால் படம் வரும், கான்ட்ராஸ்ட் கூடும், நிறம் சற்று விலகும். ஸ்கேனில் சமாளிக்கலாம்.

ஆனால் ‘ரெம்ஜெட்’ பூச்சைக் கவனியுங்கள். பல சினிமா நெகட்டிவ்களின் பின்புறம் கரித்தூள் பூசியிருக்கும். முதலில் வெதுவெதுப்பான சோடா உப்புக் கரைசல் ஊற்றி நன்றாகக் குலுக்கிக் கொட்டினால் மை போலக் கறுப்பாக வெளியே வரும். தெளியும்வரை தண்ணீர் ஊற்றி அலசுங்கள். மிச்சம் ஒட்டியிருந்தால் கடைசியில் ஈரப் பஞ்சால் பின்புறத்தை மட்டும் துடைக்கலாம். இந்த ஃபிலிமைச் சொல்லாமல் லேபில் கொடுத்துவிடாதீர்கள். கரி இயந்திரத்தின் உருளைகளில் ஏறி, பின்னால் வரும் மற்றவர்களின் ரோல்களையும் நாசமாக்கும்.

கைக்கு ஆபத்தா? மிச்சத்தை எங்கே கொட்டுவது?

டெவலப்பர் சிலருக்குத் தோல் ஒவ்வாமை தரும். ஒருமுறை வந்துவிட்டால் பிறகு கொஞ்சம் பட்டாலே அரிக்கும். கையுறை கட்டாயம். பழைய ஸ்டெபிலைசரில் ஃபார்மால்டிஹைடு இருக்கும், ஜன்னலைத் திறந்துவையுங்கள். சமையல் பாத்திரம் எதையும் இதற்குக் கடன் வாங்க வேண்டாம். சாப்பாட்டுப் பொருள் இருக்கும் ஃபிரிட்ஜிலும் பாட்டிலை வைக்காதீர்கள், குழந்தைகள் ஜூஸ் என்று நினைப்பார்கள்.

பயன்படுத்திய ஃபிக்ஸரிலும் பிளிக்ஸிலும் உங்கள் படத்திலிருந்து கரைந்த வெள்ளி இருக்கிறது. செடிக்கோ கிணற்றடியிலோ ஊற்றக் கூடாது. ஒரு கேனில் சேர்த்துவைத்து, வெள்ளி பிரித்தெடுப்பவர்களிடமோ அருகில் லேப் இருந்தால் அங்கேயோ கொடுங்கள்.

பரணில் முப்பது நாற்பது வருடப் பழைய ரோல் கிடைத்தது. கழுவலாமா?

முதலில் பெயரைப் பாருங்கள். சி-41 என்று இருந்தால் வழக்கம்போல் கழுவலாம். நிறம் வெளுத்து, படம் மூட்டமாக வரும் என்ற எதிர்பார்ப்போடு. சி-22 என்று இருந்தால் நிறுத்துங்கள். அது 1972க்கு முந்தைய முறை, 24 டிகிரிக்காகச் செய்த எமல்ஷன். 38 டிகிரியில் மென்மையாகி உரியக்கூடும். கோடக்குரோம் என்றால் அதைக் கலராகக் கழுவ இன்று வழியில்லை. அமெரிக்காவில் கன்சாஸ் மாநிலத்தில் இருந்த கடைசி லேப் 2010 டிசம்பர் 30க்குப் பின் ரோல் வாங்குவதை நிறுத்திவிட்டது.

இந்த இரண்டு வகையையும், நிறம் போனாலும் பரவாயில்லை என்ற நிலையிலுள்ள பழைய சி-41 ரோலையும், கருப்பு வெள்ளை டெவலப்பரில் குறைந்த சூட்டில் கழுவுவதுதான் புத்திசாலித்தனம். சாயம் பிறக்காது, வெள்ளி உருவம் நிற்கும். அதனால் பிளீச் போடவே கூடாது. போட்டால் இருக்கும் வெள்ளியும் போய்விடும். டெவலப்பருக்குப் பின் நேராக ஃபிக்ஸர். ரோலின் நுனியில் கொஞ்சம் வெட்டி முதலில் சோதித்துப் பாருங்கள், அப்புறம் மிச்சத்தை ஏற்றுங்கள்.